முகச்சாயலை வைத்துத் தகப்பனை முடிவு செய்யாதீர்கள்

திருகோணமலையில் சட்டத்தரணியாகவும் நொத்தாரிசாகவும் வேலை செய்கிறேன். பிறப்பு அத்தாட்சிப் பத்திரத்தில் ஏதோ ஒரு சிக்கல் என்று யாராவது வராத கிழமை குறைவு. எழுத்துப் பிழை, தகப்பன் பெயரில் முதலெழுத்து மாறியது, அசல் தொலைந்தது என்று வருபவர்களுக்கு எத்தனை தடவையும் விளக்கலாம். ஆனால் கல்யாணம் பேசிய இடத்திலிருந்து, "இந்தப் பொடியன் உண்மையில் அந்தத் தகப்பனுக்குத்தான் பிறந்தவனா, டிஎன்ஏ எடுக்கச் சொல்லலாமா" என்று வந்து கேட்கும்போது எனக்குப் பொறுமை போய்விடுகிறது.

அண்மையிலும் ஒருவர் வந்தார். அவரிடம் இருந்த ஆதாரங்கள் இரண்டு. பொடியன் பிறந்து நாலு வருடம் கழித்துத்தான் பிறப்பு பதியப்பட்டிருக்கிறது. அடுத்து, அவன் தகப்பனைப் போல இல்லையாம், முன்பு அயலில் இருந்த வேறொருவரைப் போல இருக்கிறானாம். கைபேசியில் இரண்டு முகங்களை ஒட்டிக் காட்டினார். அதே வட்ஸ்அப் குழுவில், கனடாவிலிருந்து உறவினர் அனுப்பிய இன்னொரு ஒட்டுப்படமும் இருந்தது: ஒரு பக்கம் கியூபாவின் தலைவராக இருந்த பிடல் காஸ்ட்ரோ, மறுபக்கம் கனடாவின் முன்னாள் பிரதமர் ஜஸ்டின் ட்ரூடோ. ஜஸ்டினின் உண்மையான தகப்பன் காஸ்ட்ரோதான் என்ற கதை அது. "இதைப் பாருங்கோ சேர், உலகமே சொல்லுதே" என்றார்.

சரி, உலகம் சொல்வதையே முதலில் பார்ப்போம்.

ஜஸ்டினின் பெற்றோர் பியர் ட்ரூடோவும் மார்கரெட்டும் கல்யாணம் செய்தது 1971 மார்ச் 4. பியர் அப்போதே கனடாவின் பிரதமர். ஜஸ்டின் ஒட்டாவாவில் பிறந்தது அதே வருடம் டிசம்பர் 25. அவர்களுடைய கியூபா பயணம் நடந்தது 1976 ஜனவரியில். நேட்டோ நாடொன்றின் தலைவர் காஸ்ட்ரோவின் கியூபாவுக்குப் போன முதல் தடவை அதுதான், உலகப் பத்திரிகைகள் எல்லாம் எழுதின. அப்போது ஜஸ்டினுக்கு நாலு வயது. காஸ்ட்ரோ கையில் குழந்தையோடு நிற்கும் படம் ஒன்று சுற்றுகிறதே, அதில் இருப்பது ஜஸ்டின் இல்லை, சில மாதக் குழந்தையாகக் கூடப் போன தம்பி மிஷேல். அந்தத் தம்பி 1998இல் பனிச்சரிவில் இறந்துபோனார். இந்த வதந்தி பெரிதாகக் கிளம்பியது 2016 நவம்பரில், காஸ்ட்ரோ இறந்து, பிரதமராக இருந்த ஜஸ்டின் இரங்கல் செய்தி வெளியிட்ட பிறகு. 2018இல் காஸ்ட்ரோவின் மூத்த மகன் இறந்தபோது, "ட்ரூடோ என் சகோதரன்" என்று அவர் கடிதம் எழுதி வைத்ததாக ஒரு பொய்யும் சேர்ந்துகொண்டது.

முன்னாள் அமெரிக்க ஜனாதிபதி ஒபாமா அமெரிக்காவிலேயே பிறக்கவில்லை, கென்யாவில் பிறந்தவர் என்ற கதையும் இதே வகைதான். 1961 ஆகஸ்ட் 4இல் ஹொனலுலுவில் பிறந்தவர். அந்தப் பிறப்பு சில நாட்களுக்குள் அங்குள்ள இரண்டு பத்திரிகைகளில் அறிவித்தலாக வந்தது. அந்தக் குழந்தை ஒருநாள் ஜனாதிபதி ஆகும் என்று அன்று அச்சுக்கோத்தவருக்குத் தெரியுமா? சம்பவம் நடந்த காலத்திலேயே, பொய் சொல்லத் தேவையில்லாத ஒருவர் எழுதி வைத்த பதிவுக்கு நாங்கள் நீதிமன்றத்தில் அவ்வளவு மதிப்புக் கொடுப்பது இதனால்தான். 2008இல் சுருக்கப் பத்திரமும் 2011 ஏப்ரல் 27இல் முழுப் பத்திரமும் வெளியான பிறகும் கதை நிற்கவில்லை.

இனி முகச்சாயல். இதைக் கொஞ்சம் நீட்டித்தான் சொல்ல வேண்டியிருக்கிறது, ஏனென்றால் படித்தவர்களும் இதில்தான் விழுகிறார்கள். ஒருவருக்கு வாழ்நாளில் ஆயிரக்கணக்கான படங்கள் எடுக்கப்பட்டிருக்கும். அதில் ஒன்றை நீங்களே தேர்ந்தெடுத்து, அதே கோணத்தில் இன்னொருவரின் படத்தையும் தேடி ஒட்டினால் யாரும் யாரைப் போலவும் தெரிவார்கள். தாடி, மூக்கு, தலை சாய்வு போதும். அப்பாவைப் போல இல்லாத பிள்ளை அப்பம்மாவைப் போல இருக்கலாம், தாய்மாமனைப் போல இருக்கலாம். உங்கள் வீட்டுப் பிள்ளைகளையே வரிசையாக நிறுத்திப் பாருங்கள். குற்ற வழக்குகளில் அடையாள அணிவகுப்பு வைக்கிறோம். சம்பவத்தை நேரில் கண்ட சாட்சி, "இவர்தான்" என்று கை காட்டினால்கூட நீதிமன்றம் அதை எச்சரிக்கையோடுதான் ஏற்கும், ஏனென்றால் கண் தவறும். படத்தைப் பார்த்து ஒருவருடைய தகப்பனையே நீங்கள் தீர்மானிக்கிறீர்கள்!

எங்கள் சாட்சியக் கட்டளைச் சட்டத்தின் 112ஆம் பிரிவு தெளிவானது. செல்லுபடியான திருமணம் நிலைத்திருக்கும்போதோ, அது முடிந்து தாய் மறுமணம் செய்யாத நிலையில் 280 நாட்களுக்குள்ளோ பிறந்த பிள்ளை அந்தக் கணவனின் பிள்ளைதான். கருவுறக்கூடிய காலத்தில் கணவன் மனைவியை அணுக வாய்ப்பே இருக்கவில்லை, அல்லது அவருக்கு ஆண்மை இல்லை என்று நிரூபித்தால் மட்டுமே அதை மறுக்கலாம். சம்பந்தம் பேச வந்த மாமாவின் சந்தேகத்துக்காக யாரையும் இரத்தம் கொடுக்க வைக்க என்னால் முடியாது, முடிந்தாலும் செய்யமாட்டேன்.

பதிவு பிந்தியதற்கு வருவோம். பிறந்த திகதி வேறு, பதிந்த திகதி வேறு. மூன்று மாதம் கடந்துவிட்டால் பிரகடனம் கொடுத்துக் காலங்கடந்த பதிவாகச் செய்ய வேண்டும், அவ்வளவுதான். இந்த மாவட்டத்தில் 1990இல் இடம்பெயர்ந்தவர்கள் எத்தனை பேர், 2006இல் மூதூர், சம்பூர் பக்கத்திலிருந்து உடுத்த துணியோடு ஓடியவர்கள் எத்தனை பேர், 2004 சுனாமியில் வீட்டோடு பத்திரங்களையும் இழந்தவர்கள் எத்தனை பேர்? முகாமில் பிள்ளை பெற்ற தாய் பதிவாளரைத் தேடிப் போயிருப்பாளா, பால்மாவைத் தேடிப் போயிருப்பாளா? அந்தப் பொடியனின் பத்திரமும் இப்படிப் பிந்தியதுதான். அதைக் காட்டி அந்தத் தாயிடம் கேள்வி கேட்க வருகிறார்கள்.

ஆம், கடைசியில் கேள்வி எப்போதும் தாயிடம்தான் போகிறது. மார்கரெட் 22 வயதில் 51 வயதுக்காரரைக் கல்யாணம் செய்தார் என்பதையே அவருடைய நடத்தைக்குச் சாட்சியாக எழுதினார்கள். ட்ரூடோவின் கொள்கை பிடிக்கவில்லையா, கொள்கையைத் திட்டுங்கள். அவரைப் பெற்றவளை ஏன் இழுக்கிறீர்கள்? தலைவருக்குச் சொல்லிப் பழகிய நாக்குத்தான் பிறகு பாலையூற்றிலும் தம்பலகாமத்திலும் பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கும் சொல்கிறது.

செய்ய வேண்டியவை இவை. ஒட்டுப்படம் வந்தால் அனுப்பாதீர்கள், அனுப்பியவருக்குத் தனியாக ஒரு வரி எழுதிச் சொல்லுங்கள். பகிடிக்குப் போட்டேன் என்று என்னிடம் வராதீர்கள்: அவதூறுக்கு மாவட்ட நீதிமன்றத்தில் நட்டஈடு கேட்கலாம், 2024ஆம் ஆண்டின் 9ஆம் இலக்க நிகழ்நிலைக் காப்புச் சட்டமும் இருக்கிறது. சம்பந்தம் பேசும்போது ஐயம் இருந்தால் பிரதேச செயலகத்தில் எடுத்த சான்றுபடுத்திய பிரதியைக் கேளுங்கள், அதோடு நிறுத்துங்கள். பிள்ளை பிறந்தால் 42 நாட்களுக்குள் பதியுங்கள். பதிவு பிந்தியவர்கள் கிளினிக் கொப்பி, ஞானஸ்நானப் பதிவு, சாதகக் குறிப்பு, பள்ளிக்கூடச் சேர்வுப் பதிவு என்று பழையது எது கிடைத்தாலும் எறியாமல் எடுத்து வையுங்கள். பத்திரத்தில் தகப்பன் பெயர் இல்லாத பிள்ளைகளுக்கு ஒன்று சொல்கிறேன்: பள்ளிக்கூடத்தில் சேர, அடையாள அட்டை எடுக்க, கல்யாணம் பதிய அது தடையே இல்லை. யாராவது தடை என்று சொன்னால் எழுத்தில் கேளுங்கள், அந்தத் தாளை எடுத்துக்கொண்டு என்னிடம் வாருங்கள்.