டொயோட்டாவின் மஞ்சள் வேறு, செட்டின் மஞ்சள் வேறு

புதுக் கார் ஸ்டீரியோவின் பின்னால் ஒரு கொத்து ஒயர் தொங்கும். டேஷ்போர்டைக் கழற்றினால் காரிலும் ஒரு கொத்து இருக்கும். இரண்டிலும் மஞ்சள், கறுப்பு, வெள்ளை, சாம்பல் எல்லாம் உண்டு. மஞ்சளை மஞ்சளோடும் கறுப்பைக் கறுப்போடும் முறுக்கி டேப் சுற்றத்தான் கை போகும். பழைய இன்னோவாவிலோ கரோலாவிலோ அப்படிச் செய்தால் ஒரு ஒயர்கூட சரியான இடத்தில் சேராது. மிகைப்படுத்திச் சொல்லவில்லை, கீழே நிறம் நிறமாகப் பார்க்கலாம்.

முதலில் செட். பயனியர், சோனி, கென்வுட் என எதை வாங்கினாலும் கடைச் செட்டுகளின் நிறங்கள் பெரும்பாலும் ஒன்றுதான். மஞ்சள் பேட்டரியிலிருந்து எப்போதும் வரும் 12 வோல்ட். சிவப்பு சாவியைத் திருப்பினால் வரும் 12 வோல்ட், அதாவது ஏசிசி. கறுப்பு எர்த், அதாவது காரின் பாடி வழியாகப் பேட்டரியின் நெகட்டிவுக்கு. நீலம் ஆன்டெனாவுக்கும், வெள்ளைக் கோடு போட்ட நீலம் வெளி ஆம்ப்ளிஃபயரை எழுப்பவும். வெள்ளை முன் இடது ஸ்பீக்கர், சாம்பல் முன் வலது, பச்சை பின் இடது, ஊதா பின் வலது. இந்த நான்கிலும் கோடு இல்லாதது பாசிட்டிவ், கறுப்புக் கோடு போட்டது நெகட்டிவ்.

இனி டொயோட்டாவின் 10 பின், 6 பின் கப்ளர்களில் (காரின் ஒயர்கள் வந்து சேரும் பிளாஸ்டிக் இணைப்புகள்) நீண்ட காலமாக இருந்துவரும் நிறங்கள். எப்போதும் 12 வோல்ட் வருவது மஞ்சள் கோடு போட்ட நீலத்தில். ஏசிசி சாம்பல், எர்த் பிரவுன், பார்க்கிங் லைட் போட்டால் மின்சாரம் வருவது பச்சை. முன் இடது ஸ்பீக்கருக்கு ரோஸ் பாசிட்டிவ், ஊதா நெகட்டிவ். முன் வலதுக்கு இளம்பச்சையும் நீலமும், பின் இடதுக்குக் கறுப்பும் மஞ்சளும், பின் வலதுக்குச் சிவப்பும் வெள்ளையும், இதே வரிசையில்.

இரண்டையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். செட்டின் மஞ்சள் பேட்டரியைத் தேடுகிறது, காரின் மஞ்சளோ பின் இடது ஸ்பீக்கரின் நெகட்டிவ். செட்டின் கறுப்பு எர்த்தைத் தேடுகிறது, காரின் கறுப்பு அதே ஸ்பீக்கரின் பாசிட்டிவ். இவை சேர்ந்தால் செட் உயிர் பெறாது, அவ்வளவுதான். சாம்பல் அப்படிப்பட்டதல்ல. காரின் சாம்பலில் வரும் 12 வோல்ட், சாவியைத் திருப்பிய நொடியில் செட்டின் முன் வலது ஸ்பீக்கர் வெளியீட்டுக்குள் நேராகப் போகும். பச்சையும் அப்படியே. பகலெல்லாம் சும்மா இருந்துவிட்டு, சாயங்காலம் லைட் போட்டதும் பின் இடது வெளியீட்டில் 12 வோல்ட்டை ஏற்றும். பிரவுன் இன்னொரு வகை. சில செட்டுகளில் பிரவுன் ஒயர், போன் வந்தால் சத்தத்தை நிறுத்துவதற்கு. அதை எர்த்தில் தொட்டாலே செட் ஊமையாகிவிடும். காரின் பிரவுன் எர்த் என்பதால், இரண்டையும் சேர்த்தவர் நல்ல செட்டைப் பழுதென்று கடைக்கே திருப்பிக் கொண்டுபோவார்.

ஆகவே நிறத்தை ஒரு துப்பாக மட்டும் எடுத்துக்கொண்டு, முடிவை மல்டிமீட்டரிடம் கேளுங்கள். அதைவிட நல்லது, மாடலையும் ஆண்டையும் சொல்லி அந்தக் காருக்கான கப்ளர் ஒயரிங்கை வாங்குவது. மதுரையில் கார் அலங்காரக் கடைகளில் கேட்டால் கிடைக்கும். காரின் கப்ளரை வெட்டத் தேவையிராது, விற்கும்போது பழைய செட்டையே திரும்பப் போடலாம். ஆனால் பேட்ஜைப் பார்த்து வாங்கிவிடாதீர்கள். டொயோட்டா கிளான்ஸா உள்ளுக்குள் மாருதி சுசூகி பலேனோ. மாருதி இன்விக்டோ உள்ளுக்குள் டொயோட்டா இன்னோவா ஹைகிராஸ். கப்ளர் காரைத் தயாரித்தவரின் கணக்கில்தான் வரும்.

கைவைக்கும் முன் பேட்டரியின் நெகட்டிவ் டெர்மினலைக் கழற்றுங்கள். ஜப்பான் கார்களில் பெரும்பாலும் 10 நம்பர் ஸ்பானர் போதும். கழற்றிய பிறகு டொயோட்டாவில் குறைந்தது 90 வினாடி, ஹோண்டாவில் 3 நிமிடம் காத்திருக்க வேண்டும், ஏர்பேக் யூனிட்டின் கெப்பாசிட்டரில் தங்கியிருக்கும் மின்சாரம் வடிய. மஞ்சள் கப்ளரும் மஞ்சள் உறை போட்ட ஒயரும் ஏர்பேக்குக்கு உரியவை; செட்டின் கப்ளரில் இருக்கும் மஞ்சள் ஒயர் வேறு. அவற்றில் மீட்டர் முனையோ டெஸ்ட் லேம்ப்போ ஒருபோதும் படக்கூடாது. ஏர்பேக்கை வெடிக்க வைக்கச் சிறிதளவு மின்சாரமே போதும். அதனால்தான் ஏர்பேக் உள்ள காரில் டெஸ்ட் லேம்ப்பைக் கொண்டு ஒவ்வொரு ஒயராகக் குத்திப் பார்க்கும் பழக்கத்தை விட்டுவிடச் சொல்கிறோம்.

பேட்டரி கழன்றிருக்கும்போதே ஸ்பீக்கர்களைக் கண்டுபிடித்துவிடலாம். மீட்டரை ஓம்ஸில் வைத்து, ஜோடி என்று நினைக்கும் இரண்டு ஒயர்களில் தொடுங்கள். 4 ஓம் ஸ்பீக்கர் சுமார் 3.2 முதல் 3.8 ஓம் வரை காட்டும். பிறகு அதே ஒயருக்கும் காரின் பாடிக்கும் இடையில் பாருங்கள். தொடர்பே இருக்கக்கூடாது. கொஞ்சமாவது காட்டினால் கதவு இடுக்கில் ஒயர் நசுங்கிப் பாடியைத் தொடுகிறது. அதைச் சரிசெய்யாமல் புதுச் செட்டை மாட்டாதீர்கள். எந்த முனை பாசிட்டிவ் என்று தெரியாவிட்டால் ஒரு 1.5 வோல்ட் பென்டார்ச் செல்லை நொடிப்பொழுது தொட்டுப் பாருங்கள். கூம்பு வெளியே வந்தால் செல்லின் பாசிட்டிவ் தொட்டதுதான் ஸ்பீக்கரின் பாசிட்டிவ். ஒரு பக்கம் மட்டும் மாறிப்போனால் ஒரு கூம்பு காற்றைத் தள்ளும் நேரத்தில் மற்றது உறிஞ்சும். தவில், பறை எல்லாம் சத்தமிழந்து போகும், பாடுபவர் குரல் எங்கிருந்து வருகிறதென்றே தெரியாது.

அடுத்து பேட்டரியை மாட்டி வோல்ட்டேஜ் பாருங்கள். சாவி இல்லாமலே 12.4 முதல் 12.7 வோல்ட் காட்டுவது செட்டின் மஞ்சளுக்கு. ஏசிசி நிலையில் 12 காட்டி, சாவியை எடுத்ததும் பூஜ்யமாவது சிவப்புக்கு. இந்த இரண்டையும் இடம் மாற்றினால் சாவி எடுக்கும்போதெல்லாம் கடிகாரமும் ஸ்டேஷன்களும் அழியும். இரண்டையும் எப்போதும் வரும் ஒயரிலேயே சேர்த்தால் செட் தூங்கப் போகாது. விழித்திருக்கும் செட் 1 ஆம்பியர் இழுத்தாலும் 35 ஆம்பியர்-மணி பேட்டரி ஒன்றரை நாளில் காலி. ஒழுங்காகத் தூங்கும் செட் இழுப்பது சில மில்லி ஆம்பியர்தான்.

எர்த் தேடும்போது ஒரு கண்ணி உண்டு. பல ஜப்பான் கார்களில் டேஷ்போர்டு விளக்குகளின் வெளிச்சத்தை எர்த் பக்கமாகக் குறைப்பார்கள். விளக்கின் நெகட்டிவ் ஒயர் நேராகப் பாடிக்குப் போகாமல் டிம்மர் வழியாகப் போகும். மீட்டரில் பார்த்தால் எர்த் போலவே தெரியும். செட்டின் கறுப்பை அதில் கொடுத்தால் டிம்மரைத் திருப்பும்போது செட் அணைந்து எரியும், டிம்மரும் கருகும். காரின் சொந்த எர்த் ஒயர், அல்லது பெயின்ட் சுரண்டிய உலோகத்தில் இறுக்கிய ஒரு போல்ட், இந்த இரண்டில் ஒன்றுதான் சரி. மாட்டிய பின் பாட்டைச் சத்தமாக வைத்து, செட்டின் பாடிக்கும் பேட்டரி நெகட்டிவுக்கும் நடுவே வோல்ட்டேஜ் பாருங்கள். 0.1 வோல்ட்டுக்குள் இருந்தால் எர்த் நன்றாக இருக்கிறது. கறுப்பு ஒயரே மாட்டாவிட்டாலும் செட் சில சமயம் ஓடும். எர்த் ஆன்டெனா ஒயரின் மேலுறை வழியாகக் கிடைக்கும். அப்படி ஓடும் செட்டில் இரைச்சல் இருக்கும், ஒருநாள் உள்ளே மெல்லிய செம்புத்தடம் எரிந்துபோகும்.

இப்போது எல்லாவற்றிலும் முக்கியமான கேள்வி. ஸ்பீக்கர் நெகட்டிவை ஏன் பாடியில் கொடுக்கக்கூடாது? பழைய வண்டிகளில் கொடுத்தார்களே?

அந்தக் காலத்து ஆம்ப்ளிஃபயர், ஸ்பீக்கரின் ஒரு முனையை மட்டும் ஆட்டியது. எஞ்சின் ஓடும்போது கிடைப்பது 14.4 வோல்ட். அதில் நடுவிலிருந்து மேலும் கீழும் 7.2 வோல்ட்தான் ஆட முடியும். 4 ஓம் ஸ்பீக்கரில் அது சுமார் 6.5 வாட். இன்றைய செட்டுகளில் இருக்கும் டிடிஏ7388, டிடிஏ7850 போன்ற ஆம்ப்ளிஃபயர் ஐசிகள், அதாவது சிப்கள், ஸ்பீக்கரின் இரு முனையையும் எதிரெதிராக ஆட்டுகின்றன, ஒரு ரம்பத்தை இரண்டு பேர் பிடித்து அறுப்பதுபோல. ஒரு முனை ஏறும்போது மற்றது இறங்குவதால் ஸ்பீக்கருக்குக் கிடைக்கும் ஆட்டம் இரட்டிப்பாகி, வாட் நான்கு மடங்காகிறது. கணக்கில் சுமார் 26 வாட், நடைமுறையில் 20-ஐ ஒட்டி. ஆக நெகட்டிவ் என்று எழுதிய ஒயரும் இங்கே எர்த் அல்ல. செட் ஓடும்போது ஒவ்வொரு ஸ்பீக்கர் ஒயருக்கும் பாடிக்கும் இடையில் சுமார் 6 முதல் 7 வோல்ட் டிசி நிற்கும். அதைப் பாடியில் தொட்டால் ஐசியின் ஒரு கை எர்த்தோடு ஷார்ட். நல்ல ஐசி தன்னைத்தானே நிறுத்திக்கொள்ளும், மலிவு ஐசி கருகும்.

இந்த 6 வோல்ட்டைப் பார்த்துப் பயப்பட வேண்டாம். ஒரு ஸ்பீக்கரின் இரண்டு ஒயருக்கு நடுவே என்ன இருக்கிறது என்பதுதான் கேள்வி. சத்தத்தைக் குறைத்து வைத்தால் அங்கே சில மில்லி வோல்ட் மட்டுமே வர வேண்டும். பல வோல்ட் நின்றால் ஐசி போய்விட்டது. 6 வோல்ட் நின்றால் 4 ஓம் காயிலில் 1.5 ஆம்பியர் ஓடி, 9 வாட் வெறும் சூடாக இறங்கும், பாட்டே இல்லாமல் ஸ்பீக்கர் எரியும்.

அட்டைப் பெட்டியில் 4 × 50 வாட் என்று அச்சிடுவது எங்கிருந்து வருகிறதென்றால், 14.4 வோல்ட்டைச் சதுர அலையாக 4 ஓமில் முழுசாகக் கொட்டினால் 51.8 வாட். பாட்டு சதுர அலை அல்ல. செட்டின் பின்னால் இருக்கும் ஃபியூஸைப் பாருங்கள், பெரும்பாலும் 10 ஆம்பியர். 14.4 வோல்ட்டில் 10 ஆம்பியர் என்றால் உள்ளே போவதே 144 வாட். 200 வாட் தொடர்ந்து வெளியே வர வழியில்லை. அதனால் அந்த ஃபியூஸ் போனால் 20 ஆம்பியர் போடாதீர்கள். பல டொயோட்டாக்களில் செட்டுக்கான நிரந்தர 12 வோல்ட்டும் உள்விளக்கும் ஒரே ஃபியூஸில் இருக்கும். வேலை முடிந்ததும் செட்டோடு உள்விளக்கும் எரியாவிட்டால் அங்கே தேடுங்கள்.

ஒயரைச் சேர்க்கும் விதத்தில்தான் பலர் அவசரப்படுகிறார்கள். சித்திரை வெயிலில் மாட்டுத்தாவணியில் கண்ணாடி ஏற்றி நிறுத்திய காரின் டேஷ்போர்டு 70 டிகிரி செல்சியஸைத் தொடும். இன்சுலேஷன் டேப்பின் பசை அந்தச் சூட்டில் இளகி வழுகிவிடும், டேப் சுருண்டு நகரும், முறுக்கிய செம்பு வெளியே தெரியும். ஆண்டிப்பட்டிக் கணவாய் ஏறி இறங்கும் அதிர்வில் அது எதையாவது தொடும். சால்டர் வைத்து ஹீட் ஷ்ரிங்க் ஸ்லீவ் போடுங்கள், அல்லது சரியான கிரிம்ப் பிளையரால் நசுக்குங்கள். சால்டர் வைத்த இடத்தை ஒட்டி ஒயரை மடக்காதீர்கள், அங்கேதான் உடையும். ஸ்பீக்கருக்கு 0.75 சதுர மில்லிமீட்டர், பவருக்கும் எர்த்துக்கும் 1.5 சதுர மில்லிமீட்டர் போதும். கடைசியில் ஒயர்க் கொத்தின் மேல் துணி டேப் சுற்றினால் கடகடச் சத்தம் வராது.

பொருத்தும்போது அளவைக் கவனியுங்கள். ‘2 டின்’ எனப்படும் இரட்டை உயரச் செட்டின் சாதாரண அளவு 180 × 100 மில்லிமீட்டர். டொயோட்டாவின் சொந்த இடம் 200 மில்லிமீட்டர் அகலம். பக்கத்துக்கு 10 மில்லிமீட்டர் இடைவெளியை அடைக்கும் பட்டைகளைச் சேர்த்து வாங்க வேண்டும். பழைய செட்டின் இரும்பு பிராக்கெட்டைக் கழற்றிப் புதியதில் மாட்டும்போது 8 மில்லிமீட்டர் நீள எம்5 திருகுகளையே பயன்படுத்துங்கள். நீளத் திருகு செட்டுக்குள் புகுந்து போர்டைக் குத்தும்.

ஸ்டீயரிங் பட்டன்கள் பல கார்களில் வெறும் ரெசிஸ்டர்கள்தான். ஒவ்வொரு பட்டனும் ஒவ்வொரு மதிப்பை எர்த்தோடு இணைக்கும், செட் அந்த வோல்ட்டேஜைப் படித்து நினைவில் வைக்கும். எர்த் தொடர்பு மோசமானால் வால்யூம் பட்டன் பாட்டை மாற்றும். காரோடு வந்த ரிவர்ஸ் கேமரா இருந்தால் நிதானம் தேவை. டொயோட்டாவின் கேமராக்கள் பல 6 வோல்ட்டில் ஓடுபவை. 12 வோல்ட் கொடுத்தால் படம் வராது, கேமராவே போய்விடும். நடுவே 6 வோல்ட் கன்வர்ட்டர் வேண்டும்.

ரேடியோ மட்டும் கரகரத்தால் நீல ஒயரைப் பாருங்கள். கூரை ஆன்டெனாவின் அடியில் ஒரு சின்ன ஆம்ப்ளிஃபயர் இருக்கும் கார்களில், அதற்கு அந்த ஒயரிலிருந்து 12 வோல்ட் போக வேண்டும். போகாவிட்டால் ஊருக்குள் ஓரளவு கேட்கும், உசிலம்பட்டி தாண்டினால் காற்றுதான்.

இன்னொன்று செட்டின் மெனுவுக்குள் இருக்கிறது. சில செட்டுகள் அமெரிக்க ஏரியா அமைப்பில் வரும். அதில் எஃப்எம் 87.9-இல் தொடங்கி 0.2 மெகாஹெர்ட்ஸ் தாவும், மீடியம் வேவ் 10 கிலோஹெர்ட்ஸ் தாவும். மதுரையில் 93.5, 98.3, 100.5, 103.3 எல்லாம் ஒழுங்காகக் கிடைக்கும், ஒற்றைப்படையில் முடியாத 106.4 மட்டும் எத்தனை தேடினாலும் நிற்காது. மதுரை வானொலியின் 1269-உம் அப்படியே, செட் 1260-இலும் 1270-இலும்தான் நிற்கும். ஏரியாவை ஆசியா அல்லது ஐரோப்பா என்று மாற்றினால் மீடியம் வேவ் 9 கிலோஹெர்ட்ஸ் கணக்குக்கு வந்து 1269-இல் சரியாக உட்காரும், 106.4-உம் வந்துவிடும்.