திமிங்கிலம் கரையேறிக் கிடந்தா வாலில கயிறு கட்டாதேங்கோ

நான் யாழ்ப்பாணத்தில மிருக வைத்தியரா வேலை செய்யிறன். என்ர நாளில முக்கால்வாசி மாடு, ஆடு, கோழி, வீட்டு நாய் பூனையோடதான் போகும். ஆனா கரையோரப் பக்கம் வேலை செய்யிற எங்களுக்கு இடைக்கிடை வேற மாதிரி ஒரு கோல் வரும், "டொக்டர், பெரிய மீன் ஒண்டு கரையேறிக் கிடக்குது, உயிர் இருக்குது, கெதியா வாங்கோ" எண்டு. நாங்கள் போய்ச் சேர முதலே அங்க ஊர் கூடிப்போடும், பெடியள் வீடியோ எடுத்துக்கொண்டு நிப்பினம், அநேகமா அதின்ர வாலில ஒரு நைலோன் கயிறும் கட்டியிருக்கும். அந்தக் கயிறுக்காகத்தான் இதை எழுதுறன்.

கயிறு கட்டினவை கெட்ட எண்ணத்தில கட்டினவை இல்லை. வள்ளம் இழுத்துப் பழகின கையள், கடலுயிர் ஒண்டு மணலில கிடந்து அந்தரப்படேக்க சும்மா பாத்துக்கொண்டு நிக்க அவைக்கு மனம் வராது, தண்ணிக்குள்ள போனாப் பிழைச்சிடும் எண்டுதான் நினைப்பினம். மீன் எண்டால் அது சரி. திமிங்கிலத்துக்கும் டொல்பினுக்கும் செவுள் இல்லை, எங்களைப்போல சுவாசப்பை, சூடான ரத்தம், குட்டி போட்டுப் பால் குடுக்கிற சாதி. மூக்கு தலைக்கு மேல இருக்குது, ஒவ்வொரு மூச்சுக்கும் அந்தத் துளை தண்ணிக்கு வெளியில வரவேணும். வாலில கயிறு கட்டி வள்ளத்தால இழுத்தா என்ன நடக்கும் எண்டு யோசிச்சுப் பாருங்கோ, உடம்பு பின்பக்கமாப் போகும், தலை தண்ணிக்குள்ள தாழும், மூச்சுத் துளைக்குள்ள தண்ணி போகும், காப்பாத்தப் போன ஆக்களின்ர கையாலயே அது மூச்சு முட்டிச் சாகும். பக்கத்துச் செட்டை ரெண்டும் மணலில மடங்கி மூட்டு கழரும், வால் எலும்பு விலகும். வால்தான் அதுக்கு எஞ்சின், வால் போனா பேந்து கடலில விட்டும் பிரயோசனம் இல்லை.

அடுத்தது பாரம். நீலத் திமிங்கிலம் 30 மீற்றர் வரைக்கும் வளரும், 100 தொன்னுக்கு மேல நிறை, உலகத்தில இதுவரைக்கும் இருந்த மிருகங்களுக்குள்ள அதைவிடப் பெரிசு ஒண்டு இருந்ததா இன்னும் நிரூபிக்கேல்ல. அப்பிடி ஒரு உடம்பு வளர முடிஞ்சதே தண்ணி அதைத் தாங்கிறதாலதான். கரைக்கு வந்த உடன அந்தத் தாங்கல் இல்லை, தன்ர பாரமே தன்ர நெஞ்சில ஏறும், ஒவ்வொரு மூச்சுக்கும் அந்தப் பாரத்தைத் தூக்கித்தான் நெஞ்சை விரிக்கவேணும். கீழ நசிபடுற தசை கொஞ்சம் கொஞ்சமாச் சாகத் தொடங்கும், அதில இருந்து வெளியேறுற பொருள் ரத்தத்தில கலந்து சிறுநீரகத்தைப் பழுதாக்கும். வெளியில பாக்க உயிரோட, கண் திறந்து கிடக்கும், உள்ளுக்கை கனக்க முடிஞ்சிருக்கும். அதோட சூடு. தோலுக்குக் கீழ இருக்கிற தடிச்ச கொழுப்பு குளிர் கடலுக்கும் ஆழத்துக்கும் எண்டு வந்தது, எங்கட பத்து மணி வெயிலுக்கு அது எமன், உடம்புச் சூடு வெளியேற வழியில்லாமல் உள்ளுக்கையே அவிஞ்சு போகும்.

வடமராட்சி கிழக்குப் பக்கம் ஒரு கரையில தனிய ஏறிக் கிடந்த பைலட் திமிங்கிலம் ஒண்டு இண்டைக்கும் எனக்கு நல்லா ஞாபகம். பெரிசில்லை, இளம் வயசு. கிட்டப் போக முதல் அந்த மூச்சுச் சத்தம்தான் கேட்டது, ரயர் காத்துப் போற மாதிரி ஒரு சீறல், பேந்து கன நேரம் ஒண்டும் இல்லை, இனி இல்லையாக்கும் எண்டு நினைக்கேக்க திரும்பவும் ஒண்டு. மூச்சில ஒரு கெட்ட மணம் இருந்தது, அது சுகதேகியான மிருகத்தின்ர மணம் இல்லை. முதுகுத் தோல் வெயிலில காய்ஞ்சு படைபடையா உரியத் தொடங்கியிருந்தது, கண்ணால கூழ் மாதிரித் தடிச்ச கண்ணீர் வடிஞ்சுகொண்டிருந்தது (அது அழுகை இல்லை, உப்புத் தண்ணியில இருந்து கண்ணைக் காப்பாத்திற திரவம், ஆனா பாத்துக்கொண்டு நிக்கிற ஆருக்கும் மனம் தாங்காது). அங்க நிண்ட சம்மாட்டி ஐயா ஒராள், நான் சொல்ல முதலே பெடியளைப் பாத்து "டேய் தம்பியவை, சத்தம் போடாமல் தள்ளி நில்லுங்கோடா, அது பயத்திலயே செத்துப்போடும்" எண்டு சொல்லிப்போட்டு வாடிக்குள்ள போய் பழைய சாரங்களைக் கொண்டுவந்து நனைச்சு நனைச்சுப் போட்டவர். நான் படிச்சு அறிஞ்சதை அவர் பாத்த உடன விளங்கிக்கொண்டவர்.

அது பின்னேரத்துக்குள்ள செத்துப்போச்சு. வெட்டிப் பாத்தால் வயிறு வெறுமை, நாலைஞ்சு கணவாய்ச் சொண்டு மட்டும், சுவாசக் குழாய் முழுக்கப் புழு. கன நாளாச் சாப்பிடாமல், மூச்சு விட ஏலாமல், மேலால மிதக்கத் தெம்பில்லாமல்தான் கரைக்கு வந்திருக்குது. அதை அண்டைக்கு வள்ளத்தில கட்டி வெளியில இழுத்து விட்டிருந்தா எல்லாரும் கைதட்டியிருப்பினம், வீடியோவும் நல்லாப் பரவியிருக்கும், அடுத்த நாள் இன்னொரு கரையில ஏறியிருக்கும். தனிய வாறது அநேகமா நோயாளி. அதுக்குக் கடலைவிட ஒரு அமைதியான சாவு முக்கியம் எண்டது என்ர தொழில் சார்ந்த அபிப்பிராயம், இதைச் சொல்ல எனக்கே கஷ்டமா இருக்குது, ஆனா உண்மை அதுதான்.

கூட்டமா வாறது வேற கதை. அதுக்குள்ள ஒண்டு ரெண்டு வருத்தமா இருக்கலாம், மிச்சமெல்லாம் சுகமா இருக்கிறது, கூட்டத்தை விட்டுப் போக ஏலாமல் பின்னால வந்து மாட்டுப்பட்டதுகள். பைலட் திமிங்கிலத்தின்ர குடும்பம் தாய் வழியில கட்டுப்பட்டது. எங்கட கடலில இருக்கிற இனத்தில பெண் முப்பத்தஞ்சு நாப்பது வயசுக்குப் பிறகு குட்டி போடாது, ஆனா அதுக்குப் பிறகும் கனகாலம் உயிரோட இருந்து கூட்டத்தோட திரியும், அம்மம்மா, மகள், பேத்தி எல்லாம் ஒண்டாப் போகும். விலங்குகளுக்குள்ள இப்பிடி இருக்கிறது அரிது. ஆகவே ஒண்டைத் தள்ளி விட்டாலும் கரையில கிடக்கிற மற்றதின்ர குரல் கேட்டுத் திரும்பி வரும். 2016 ஜனவரியில தூத்துக்குடிப் பக்கம் மணப்பாட்டுக் கரையில 80க்கு மேல ஏறினது, அங்கத்தைய மீனவர்கள் பாவம், தள்ளித் தள்ளி விட்டவை, அதுகள் திரும்பத் திரும்ப வந்தது, பாதிக்கு மேல செத்துப்போச்சு. அதே கரையில 1973இலயும் 147 ஏறினது பதிவில இருக்குது. எங்கட நாட்டில 2020 நவம்பரில, கொழும்புக்குத் தெற்கால இருக்கிற பாணந்துறையில நூறுக்கு மேல வந்து ஏறினது, கொரோனா ஊரடங்கு நேரம், ஊர்ச்சனமும் கடற்படையும் கரையோரக் காவல் ஆக்களும் இரவிரவா நிண்டு திரும்பத் திரும்ப ஆழத்துக்குக் கொண்டுபோய் விட்டவை, செத்தது நாலைஞ்சுக்குள்ளதான். கையில பெரிய சாமான் ஒண்டும் இருக்கேல்ல. ஆள் பலம் இருந்தது, கடல் தெரிஞ்ச ஆக்கள் இருந்தினம், விடியும் வரைக்கும் விடாமல் நிண்டினம்.

இப்ப, எங்கட கரையில நடந்தா என்ன செய்யிறது? முதலில சனத்தைத் தள்ளி நிக்கச் சொல்லுங்கோ, நாயளைக் கலையுங்கோ, மேல ஏறி நிண்டு போட்டோ எடுக்கிற ஆக்களை இறக்குங்கோ, அது உயிரோட இருக்கிற ஒரு மிருகத்தின்ர நெஞ்சு. ஒரு பக்கமாச் சரிஞ்சு கிடந்தால், சின்னதா இருந்தால், நாலைஞ்சு பேர் சேர்ந்து பக்குவமா வயித்துப்பாட்டில நிமித்தி வைக்கலாம், செட்டைக்குக் கீழ மண்ணைக் கிண்டிக் குழி எடுத்து விட்டா செட்டை நசியாமல் தொங்கும், அந்தக் குழிக்குள்ள தண்ணி ஊத்தினா உடம்புச் சூடும் குறையும். ஈரச் சாரம், பெட்சீற், சாக்கு எது கிடைச்சாலும் முதுகில போடுங்கோ, மூச்சுத் துளையை மட்டும் மூடாதேங்கோ, அதுக்குள்ள தண்ணியோ மண்ணோ போக விடாதேங்கோ. தறப்பாளோ கிடுகோ இருந்தா மேலால நிழல் கட்டுங்கோ. வாலுக்குக் கிட்ட நிக்கவே கூடாது, ஒரு வீச்சில ஆளின்ர கால் முறியும். மூச்சுத் துளைக்கு நேர முகத்தைக் கொண்டுபோகாதேங்கோ, அந்த மூச்சோட வாற கிருமி மனிசருக்கும் தொத்தும். கடலில விடுற கட்டம் வந்தா, பாய்க்கு மேல ஏத்தி, தலை கடல் பக்கமாத் திருப்பி, நெஞ்சளவு தண்ணியில வைச்சுப் பிடிச்சுக்கொண்டு நிக்கவேணும், கன நேரம் ஒரே பக்கமாக் கிடந்ததால அதுக்குத் தலை சுத்தும், சமநிலை வந்து தானா மேல வந்து மூச்செடுக்கிறதைப் பாத்த பிறகுதான் கையை விடவேணும். கூட்டம் எண்டால் எல்லாத்தையும் ஒண்டா விடவேணும்.

எங்கட பக்கம் இது ஏன் நடக்குது எண்டு கேட்பினம். ஒரே காரணம் எண்டு ஒண்டு இல்லை. பாக்குநீரிணையில அநேக இடத்தில 15 மீற்றர் ஆழம்கூட வராது, பெரிய திமிங்கிலத்துக்கு அது கடலே இல்லை, வழி மாறி உள்ளுக்கை வந்தா வெளியேறுறது பெரும்பாடு. பல்லுள்ள திமிங்கிலங்கள் சத்தத்தை அனுப்பி, அது திரும்பி வாறதைக் கேட்டுத்தான் வழி பாக்கும், மெல்ல மெல்லச் சரிஞ்சு போற மணற்கரையில சத்தம் வடிவாத் திரும்பி வராது. திருகோணமலையில கதை மாறும், துறைமுக வாசலுக்குக் கிட்டவே கடலடிப் பள்ளத்தாக்கு இருக்குது, அதாலதான் நீலத் திமிங்கிலத்தை அங்க கரையில நிண்டே சில வேளை காணலாம். 1980களின்ர தொடக்கத்தில ருலிப் எண்ட பாய்க்கப்பலில வந்த ஆராய்ச்சியாளர்கள் எங்கட கடல் திமிங்கிலங்களைப் பற்றி எழுதினதும் அங்க இருந்துதான். அதுக்குக் கொஞ்சம் முன்னம், 1979இல, இந்து சமுத்திரமே திமிங்கிலச் சரணாலயமா அறிவிக்கப்பட்டது. வியாபாரத்துக்குத் திமிங்கிலம் கொல்லுறதுக்கு 1986இல இருந்து உலக அளவில தடை. போன நூற்றாண்டில மட்டும் கிட்டத்தட்ட 29 இலட்சம் திமிங்கிலங்களைக் கொன்றுபோட்டினம், எண்ணெய்க்கு, சவர்க்காரத்துக்கு, மாஜரினுக்கு. எங்கட தாத்தாமார் கண்ட கடலும் நாங்கள் காணுற கடலும் ஒண்டில்லை.

எங்கட கடலில இப்ப ஈட்டி இல்லை, கப்பல் இருக்குது. உலகத்திலயே நெரிசலான கப்பல் பாதைகளில ஒண்டு எங்கட தீவின்ர தெற்கு முனைக்குக் கிட்டப் போகுது, அதே தண்ணியிலதான் நீலத் திமிங்கிலங்களும் மேயுது. மற்ற இடத்து நீலத் திமிங்கிலங்கள் அநேகமாக் குளிர் கடலுக்குப் போய் வரும், எங்கட கூட்டம் வருஷம் முழுக்க இந்த வெப்பக் கடலிலயே இருக்கிறது, அதை ஆஷா டி வோஸ் எண்ட எங்கட நாட்டு ஆராய்ச்சியாளர்தான் உலகத்துக்கு எடுத்துச் சொன்னவ. கப்பல் பாதையைக் கொஞ்சம் தெற்கால தள்ளச் சொல்லிக் கன வருஷமாக் கேட்டுக்கொண்டிருக்கினம், 2022இல ஒரு பெரிய கப்பல் கம்பனி தன்ர கப்பல்களைத் தானா விலத்தி ஓட்டத் தொடங்கினது. மற்றவையும் செய்யவேணும்.

வடக்கில கப்பலைவிட எனக்குக் கவலை வலைதான். அறுந்துபோன வலை, வெட்டி எறிஞ்ச தங்கூசி வலைத் துண்டு, இழுவைமடியில (றோலர் கடலடியால இழுக்கிற பெரிய வலையில) மாட்டுப்பட்டுக் கிழிஞ்சு மிதக்கிற எங்கட தொழிலாளியளின்ர வலை, இதெல்லாம் ஆரும் இல்லாமல் கடலுக்குள்ள தொடர்ந்து பிடிச்சுக்கொண்டே இருக்கும். டொல்பின் அதுக்குள்ள மாட்டினா அஞ்சு பத்து நிமிஷம், மேல வர ஏலாட்டி முடிஞ்சுது. தொழிலாளியில குற்றம் சொல்ல நான் எழுதேல்ல, வலை போனா அவருக்கு அது கடன். ஆனா கரைக்குக் கொண்டுவரக்கூடிய பழுதான வலையைத் தயவு செய்து கடலில போடாதேங்கோ, சங்கத்தில ஒரு மூலையில சேர்த்து வைக்க ஒரு ஒழுங்கு செய்யலாம்.

இன்னொண்டு, அம்பர். கோடிக்கணக்கில விலை போகும் எண்டு கேள்விப்பட்டு, செத்த திமிங்கிலம் எது கரையொதுங்கினாலும் கத்தியோட வாற ஆக்கள் இருக்கினம். அது ஸ்பேர்ம் திமிங்கிலத்தின்ர குடலுக்குள்ள, கணவாய்ச் சொண்டு சமிக்காமல் சேர்ந்து உருவாகிறது, அதுவும் நூறில ஒண்டில இருந்தாலே பெரிய காரியம், மற்றத் திமிங்கிலத்தில தேடி வேலையில்லை. வைச்சிருக்கிறதும் விக்கிறதும் சட்டப்படி குற்றம், பொலிஸ் பிடிச்ச செய்தி நீங்களே வாசிச்சிருப்பியள். செத்த உடம்பை வெட்டுறது ஆபத்தும்கூட, உள்ளுக்கை காஸ் நிறைஞ்சு ஊதியிருக்கும், கத்தி பட்ட உடன வெடிச்சு அழுகின குடல் ஆளுக்கு மேல பறக்கும். இறைச்சியையும் எடுக்காதேங்கோ, என்ன வருத்தத்தில செத்தது எண்டு பரிசோதிக்காமல் ஒருத்தருக்கும் தெரியாது.

கண்ட உடன வனஜீவராசிகள் திணைக்களத்துக்கு, 1992 எண்ட இலக்கத்துக்கு எடுங்கோ, கிட்ட இருக்கிற கடற்படை முகாமுக்கும் கிராம சேவகருக்கும் சொல்லுங்கோ. எடுக்கேக்க நாலு விஷயம் சொன்னாப் போதும்: எந்தக் கரை, எத்தினை கிடக்குது, எத்தினை அடி நீளம், மூச்சு விடுதோ இல்லையோ. மூச்சு விடுதெண்டால் ஒரு மூச்சுக்கும் அடுத்த மூச்சுக்கும் இடையில எவ்வளவு நேரம் எண்டு போனில நேரம் பாத்து எழுதி வையுங்கோ, தலை, முதுகுச் செட்டை, வால் மூண்டும் தெரியிற மாதிரிப் பக்கவாட்டில நிண்டு ஒரு படம் எடுங்கோ, அந்தப் படத்தைப் பாத்து எது எண்டு அடையாளம் கண்டு என்ன சாமானோட வாறது எண்டு நாங்கள் வழியிலயே முடிவெடுப்பம்.