கேமராவுக்கு முன் தட்டும் கால்கள்

மலேசியாவின் சுங்கை சிப்புட்டில் பள்ளி விடுமுறை முடிந்தால் போதும், நடனமாடும் பிள்ளைகள் கால்வலியோடு என் பிசியோதெரபி அறைக்கு வந்துவிடுவார்கள். பால்மரம் வெட்டிய, அதாவது ரப்பர் மரத்தைக் கீறிப் பால் எடுத்த, பாட்டியின் பாடுகளைப் பரதத்தில் ஆடிக் குறும்படமாக எடுக்கிறார்கள். நல்ல விஷயம்தான். ஆனால் ஆடுவது தோட்டத்து மண்டபத்தின் சிமெண்டுத் தரையில், வெறுங்காலோடு. மேடையில் ஒருமுறை ஆடி இறங்கிவிடலாம். கேமராவுக்கோ ஒவ்வொரு கோணத்துக்கும் அதே தட்டடவை, அதாவது பாதத்தால் தரையைத் தட்டும் அடவை, திரும்பத் திரும்பத் தட்ட வேண்டும். அத்தனை அடியும் முழங்காலுக்குக் கீழே முன்பக்க எலும்பில்தான் இறங்குகிறது.

"வலியோட ஆடினாத்தான் அக்கா, முகத்துல உண்மை தெரியும்" என்பார்கள். காலில் வலி இல்லாமலே வலியைக் காட்டத்தானே அபிநயம் படித்தீர்கள்?

உடனே நடனக் கலைஞர் சுதா சந்திரனைச் சொல்வார்கள். 1981-இல் பேருந்து விபத்து, காயம் அழுகி வலது காலை எடுத்தார்கள். ஜெய்ப்பூர் கால் என்னும் செயற்கைக் காலோடு மறுபடி ஆடி, 'மயூரி' படத்தில் தன் கதையில் தானே நடித்தார். (அந்த ஜெய்ப்பூர் காலின் பாதம் ரப்பரால் ஆனது என்றால் எங்கள் ஊர்ப் பிள்ளைகள் கொஞ்சம் நிமிர்ந்து உட்காருவார்கள்.) சரி, ஆனால் அவர் மேடைக்குத் திரும்ப 2 ஆண்டுகளுக்கு மேல் ஆனது. சினிமாப் பாட்டில் அது சில நிமிடம்.

எலும்பு நெடுக வலித்தால் பெரும்பாலும் ஓய்வில் அடங்கும். ஒரு விரலால் 'இங்கேதான்' என்று தொட்டுக் காட்ட முடிந்தால், படுத்திருக்கும்போதும் வலித்தால், ஆட்டத்தை நிறுத்துங்கள். அது எலும்பில் விழுந்த மெல்லிய கீறலாக இருக்கலாம். முதல் 2, 3 வாரம் எக்ஸ்ரேயில் தெரியாமலும் போகும். 'படத்தில் ஒன்றுமில்லை' என்றதும் மறுநாளே சலங்கை கட்டிவிடாதீர்கள்.

குறும்படம் எடுப்பவர்களுக்கும் வேலை இருக்கிறது. கேமராவைச் சரிபார்க்கும்போது பிள்ளை அடவைத் தட்டாமல் நடந்து காட்டினால் போதும். முழு உருவ ஷாட்டை உடம்பு களைக்கும் முன் எடுங்கள். முகமும் கையும் வரும் குளோசப்பை அப்புறம் உட்காரவைத்தே எடுக்கலாம். சிமெண்டின் மேல் வெறும் பலகை போட்டால் பெரிய பயனில்லை, அடியில் மெத்தென்று ஏதாவது வேண்டும்.

கேமராவில் ஒல்லியாகத் தெரியச் சாப்பாட்டைக் குறைக்கும் பெண் பிள்ளைகளிடம் மாதவிடாய் ஒழுங்காக வருகிறதா என்றும் கேட்பேன். சில அம்மாக்கள் முகம் சுளிப்பார்கள். உடம்புக்குப் போதிய சாப்பாடு இல்லாமல் மாதவிடாய் நின்றால் எலும்பும் பலவீனமாகும். அந்தக் காலில்தான் கீறல் சுலபமாக விழும். அப்படியிருந்தால் கால் மட்டும் பார்த்துப் பயனில்லை, மருத்துவரிடம் அனுப்பிவிடுவேன்.