உப்புக்காற்றில் ஓர் ஒலிக் காப்பகம்

மண்டபத்துக்கும் பாம்பனுக்கும் இடையில் எங்கேனும் ஓர் ஒலிக் காப்பகம் கட்டுவதாக வைத்துக்கொள்வோம். அப்படி ஒன்று இன்று இல்லை. இது முழுக் கற்பனை. கரைவலை இழுப்போரின் அம்பாப் பாட்டு, கீழக்கரைத் திருமண வீடுகளில் ஒலித்த பாட்டு, கோயில் கொடையில் யாரோ பதிந்த வில்லிசை எனப் பரணிலும் தகரப் பெட்டியிலும் கிடக்கும் கேசட்டுகளையெல்லாம் அங்கே கொண்டுவந்து சேர்த்தால், அவற்றைக் காப்பாற்ற முடியுமா? முடியும். ஆனால் முதலில் உப்போடு மல்லுக்கட்ட வேண்டியிருக்கும்.

கேசட்டில் நாடா விநாடிக்கு 4.76 சென்டிமீட்டர் வேகத்தில் ஓடுகிறது. விநாடிக்கு 10,000 முறை அதிரும் கூரிய ஒலி ஒன்று அதில் பதியும்போது, ஓர் அலைக்குக் கிடைக்கும் இடம் 4.76 மைக்ரான் மட்டுமே. தலைமுடியின் தடிமனில் அது பத்தில் ஒரு பங்குகூட இராது. நாடாவுக்கும் அதைப் படிக்கும் ஹெட்டுக்கும் நடுவே அந்த அலைநீளத்தில் பத்தில் ஒரு பங்கு, அதாவது அரை மைக்ரான், இடைவெளி விழுந்தாலே அந்த ஒலியின் வீச்சு ஏறத்தாழப் பாதியாகிவிடும். கீழ்ச்சுருதி ஒலிகளுக்கு அலைநீளம் அதிகம் என்பதால் அவற்றுக்கு இந்த இடைவெளி ஒரு பொருட்டே இல்லை. அழுக்கேறிய கேசட்டில் தவிலின் அடி கேட்டுக்கொண்டே இருக்க, தாளத்தின் கிண்கிணியும் சொல்லில் வரும் சகரமும் முதலில் மங்கிப்போவது இதனால்தான். பாடியவருக்குத் தொண்டை கட்டியிருந்தது என்று நாம் நினைத்துக்கொள்கிறோம். பெரும்பாலும் அது ஹெட்டில் படிந்த அழுக்கு.

உப்பு இங்கேதான் நுழைகிறது. தூய சமையல் உப்பு, காற்றின் ஈரப்பதம் 75 விழுக்காட்டைத் தாண்டினால் நீரை இழுத்துத் தானே கரையத் தொடங்கும். கடலுப்பில் கலந்திருக்கும் மெக்னீசியம் குளோரைடோ ஏறத்தாழ 33 விழுக்காட்டு ஈரப்பதத்திலேயே கசியும். மழைக்காலத்தில் கல்லுப்பு ஜாடி நீர்த்துப்போவதைப் பார்த்தவர்களுக்கு இதை விளக்க வேண்டியதில்லை. காற்றில் வரும் நுண்ணிய உப்புத்துகள் கேசட்டுக்குள் படிந்து, இரவில் நனைந்து, பகலில் உலர்ந்து, மறுபடி நனைகிறது. ஓதம் ஏறிய நாடாவில் பூஞ்சை பிடிக்கிறது. எஃகுத் திருகாணிகள் துருவேறுகின்றன. 1970களிலும் 80களிலும் வந்த சில ஸ்பூல் நாடாக்களில் (கேசட் பெட்டி இல்லாமல் திறந்த சக்கரத்தில் சுற்றிய நாடாக்களில்), இரும்பு ஆக்சைடுப் பொடியை நாடாவோடு பிணைக்கும் பசையே நீரை உறிஞ்சிச் சிதைந்து பிசுபிசுப்பாகிறது. அவற்றை 50 டிகிரி செல்சியசுக்குச் சற்று மேலான மிதவெப்பத்தில் பல மணி நேரம் வைத்தால் சில வாரங்களுக்கு ஓடும் நிலைக்குத் திரும்பும்; அதற்குள் படியெடுத்துவிட வேண்டும். ஆகவே நம் காப்பகத்துக்குக் கடலைப் பார்த்த சன்னல் கூடாது. இரட்டைக் கதவும், ஈரப்பதத்தை 40 விழுக்காட்டுக்குள் நிறுத்தும் இயந்திரமும் வேண்டும். குளிர்ந்த அறையிலிருந்து எடுத்த கேசட்டை உடனே வெளியே கொண்டுவந்தால், ஐஸ் பெட்டியிலிருந்து எடுத்த சோடா பாட்டில்போல அது வியர்க்கும் என்பதையும் ஊழியர்கள் மறக்கக் கூடாது.

வேகம் அடுத்த சிக்கல். 1860இல் பிரான்சில் ஸ்காட் த மார்ட்டன்வில் என்பவர் புகைக்கரி படிந்த தாளில் குரலின் அதிர்வைக் கோடாக வரைந்தார். திரும்பக் கேட்க அப்போது வழியில்லை. 2008இல் அறிஞர்கள் அந்தக் கோட்டைக் கணினியால் ஒலியாக்கியபோது ஒரு பெண்ணின் குரல்போலக் கேட்டது. மறு ஆண்டு, வேகத்தை இரு மடங்காகக் கணக்கிட்டுவிட்டதை உணர்ந்து பாதியாக்கியபோது, மெதுவாகப் பாடும் ஓர் ஆணின் குரல் வந்தது. பேட்டரி இறங்கிய டேப்ரிக்கார்டரில் பதிந்த நம்மூர்ப் பாட்டுக்கும் இதே ஆபத்து உண்டு. மின்சாரத்தில் இயங்கிய கருவியானால் ஒரு சாட்சி இருக்கும்: எல்லோரும் இரைச்சல் என்று வெறுக்கும் அந்த ‘உம்’ என்ற முனகல். நம் மின்சாரம் விநாடிக்கு ஏறத்தாழ 50 முறை மாறுவதால், அந்த முனகலை 50க்குக் கொண்டுவந்து நிறுத்தினால் பாடியவரின் சுருதி ஏறக்குறைய இருந்த இடத்துக்கு வந்துவிடும். எனவே மூலப்படியில் எந்த இரைச்சலையும் நீக்கக் கூடாது. சுத்தம் செய்வதெல்லாம் தனிப்படியில்தான்.

நாடாவின் ஒலியைக் கணினிக் கோப்பாக்கும்போது, இரு தடங்களிலும் (ஸ்டீரியோ) விநாடிக்கு 96,000 மாதிரிகள், மாதிரிக்கு 24 பிட் என்ற அளவில் எடுத்தால் 90 நிமிடக் கேசட் ஒன்று ஏறத்தாழ 3 ஜிகாபைட் பிடிக்கும். அதன் ஒரு படியையாவது மதுரைக்கு அப்பால் வைக்க வேண்டும். 1964 டிசம்பர் 22 இரவு, பாம்பனிலிருந்து கிளம்பிய பயணிகள் ரயிலையும் தனுஷ்கோடியையும் ஒருசேரக் கடல் கொண்ட கரை இது.

பதிவே கிடைக்காத ஒலிகளை என்ன செய்வது? தனுஷ்கோடியில் இடிந்து நிற்கும் தேவாலயத்துக்குள் ஒரு பலூனை உடைத்து, எஞ்சிய சுவர்கள் தரும் எதிரொலியைப் பதியலாம். இல்லாத கூரையைக் கணக்கில் சேர்த்து, அங்கே பாடினால் எப்படிக் கேட்டிருக்கும் என்று கணினியில் கட்டமைக்கலாம். கிடைப்பது நல்ல ஊகம். அதை ஊகம் என்றே அட்டையில் எழுதி வைப்பதுதான் நேர்மை.

அதைவிட அவசரமானது, இன்னும் கேட்கக் கிடைக்கும் அம்பா. கரைவலையின் இரு கயிறுகளையும் இரண்டு கூட்டம் தள்ளித் தள்ளி நின்று இழுக்கிறது. நடுவே 170 மீட்டர் இருந்தால், ஒரு கூட்டத்தின் ‘ஏலேலோ’ மற்றதற்கு அரை விநாடி தாமதமாகத்தான் போய்ச் சேரும். ஒரே ஒலிவாங்கியை நடுவில் நட்டுவிட்டு வந்தால் இது விளங்காது. கயிற்றுக்கு ஒன்றாக இரண்டு கருவிகள் வேண்டும், இரண்டும் ஒரே கடிகாரத்தில் ஓட வேண்டும், இடைத்தூரத்தையும் அவ்வப்போது குறித்துக்கொள்ள வேண்டும். மீன் சேரும் வலையின் மடி கரையை நெருங்க நெருங்கக் கூட்டங்களும் நெருங்கி, அந்த அரை விநாடி கொஞ்சம் கொஞ்சமாகக் கரைந்து இரண்டு குரலும் ஒன்றாவது அப்போதுதான் பதிவில் ஏறும்.