பறித்த கொழுந்தும் பைக்காரா மின்சாரமும்

கோத்தகிரிப் பக்கம் மதியம் தாண்டினால், பச்சைத் தேயிலை மூட்டைகளை ஏற்றிய வேன்கள் ஃபேக்டரிகளை நோக்கி விரையும். அந்த அவசரத்துக்கான காரணம் இலைக்குள்ளேயே இருக்கிறது. பறித்த பிறகும் கொழுந்து சுவாசித்துக்கொண்டுதான் இருக்கும். அதனால் சூடு உண்டாகும். சாக்கில் திணித்து வைத்தால் அந்தச் சூடு வெளியேற வழியில்லை. கசங்கிய இடங்களில் செல்கள் உடைந்து, அதுவரை தனித்தனியாக இருந்த பாலிஃபீனால்களும் நொதியும் ஒன்றாகக் கலக்கும். ஆக்ஸிஜன் பட்டதும் இலை சிவக்கத் தொடங்கும். தேநீருக்கு நிறமும் சுவையும் தருவது இதே வேதிவினைதான். ஆனால் அது இலையை வாட்டி, அரைத்த பிறகு நடக்க வேண்டும். மூட்டைக்குள்ளேயே நடந்துவிட்டால் தூளின் தரம் போய்விடும்.

இன்னொன்று, எடை. ஒரு கிலோ தேயிலைத் தூளுக்குச் சுமார் நாலரை கிலோ பச்சை இலை வேண்டும். மீதியெல்லாம் பெரும்பாலும் தண்ணீர். அந்தத் தண்ணீரையும் சுமந்துகொண்டு மலை இறங்குவதில் அர்த்தமில்லை. ஆக, ஃபேக்டரி தோட்டத்துக்குப் பக்கத்திலேயே இருந்தாக வேண்டும். இந்த ஒரு கட்டாயத்தைப் புரிந்துகொண்டால், நீலகிரிக்கு யார் வந்தார்கள், எங்கே தங்கினார்கள், ஏன் இங்கே பெருநகரம் உருவாகவில்லை என்பதெல்லாம் விளங்கும் என்பது என் எண்ணம்.

19-ஆம் நூற்றாண்டின் பிரிட்டனில் ஆலைகள் பெருகியபோது, ஆலைத் தொழிலாளியின் அன்றாடத்தில் சர்க்கரை போட்ட தேநீரும் சேர்ந்துகொண்டது. 1869-இல் சூயஸ் கால்வாய் திறந்ததும் கப்பல் பயணம் சுருங்கியது. அதே காலத்தில் இலைத்துரு நோய் காப்பிச் செடிகளை வாட்டத் தொடங்கியது. இலங்கையிலும் இங்கேயும் தோட்டக்காரர்கள் மெல்ல மெல்லத் தேயிலைக்கு மாறினார்கள்.

நெல் அறுவடை என்றால் ஆட்கள் வந்து சில வாரங்களில் வேலையை முடித்துவிட்டு ஊர் திரும்பலாம். தேயிலையில் அது முடியாது. ஒரே செடியில் ஏழு முதல் பத்து நாட்களுக்கு ஒருமுறை இரண்டு இலையும் ஒரு மொட்டுமாகப் பறிக்க வேண்டும். விட்டால் முற்றிவிடும். ஆண்டு முழுவதும் ஆள் தேவை, அதுவும் கூப்பிடு தூரத்தில். தோடர், கோத்தர், குறும்பர், இருளர், படுகர் ஆகியோர் ஏற்கெனவே வாழ்ந்த மலை இது. படுகர்களுக்குச் சொந்த விவசாயம் இருந்தது. தோட்டங்கள் கேட்ட அளவுக்கு ஆள் மலைமேல் இல்லை. அதனால் சமவெளியிலிருந்து கங்காணிகள் முன்பணம் கொடுத்துக் குடும்பம் குடும்பமாக ஆள் கூட்டி வந்தார்கள். 1876-78 பஞ்சம் போன்ற கொடுமைகள் நிலமற்றவர்களை ஊரைவிட்டுத் துரத்தின. அப்படி வந்தவர்கள் தங்கிய இடம்தான் லைன் வீடு, அதாவது லயம்: ஒரே கூரையின் கீழ் சுவரோடு சுவராக ஒட்டிய சின்னச் சின்ன அறைகள். அறை தோட்டத்துக்குச் சொந்தம். வேலை இருக்கும்வரைதான் அதில் இருக்கலாம். பல தலைமுறை உழைத்த குடும்பத்துக்கு ஒரு அடி மண் சொந்தமில்லை என்பதை நினைத்தால் இன்றும் மனசு ஆறுவதில்லை.

இதே கதை கடல் தாண்டி இலங்கையிலும் நடந்தது. திருச்சி, புதுக்கோட்டை, மதுரை, ராமநாதபுரம் பக்கத்திலிருந்து போனவர்களின் பேரப்பிள்ளைகள், 1948 குடியுரிமைச் சட்டத்தால் நாடற்றவர்களானார்கள். 1964-இல் சிறிமாவோ-சாஸ்திரி ஒப்பந்தம் 5,25,000 பேரை இந்தியா ஏற்கும் என்று தாளில் எழுதியது. தாயகம் திரும்பியோரில் பலர் நீலகிரிக்கு வந்தார்கள். கூடலூர், கோத்தகிரி, குன்னூர்ப் பகுதிகளில் அவர்களுக்காகவே அரசு தேயிலைத் தோட்டம் போட்டது. தமிழ்நாடு அரசின் தேயிலைத் தோட்டக் கழகமான இன்றைய டான்டீ அதில் பிறந்ததுதான். கைகளுக்குத் தெரிந்த வேலை கொழுந்து பறிப்பது. ஆகவே ஒரு லயத்திலிருந்து இன்னொரு லயத்துக்கு வந்து சேர்ந்தார்கள்.

சரி, இவ்வளவு பேர் வந்தும் இங்கே ஏன் பெருநகரம் எழவில்லை? ஃபேக்டரிகள் தோட்டத்துக்குத் தோட்டம் சிதறிக் கிடந்தன; ஆட்களும் அவற்றோடு சிதறினார்கள். அப்புறம், இந்த மலையில் பிறந்த இன்னொரு பொருள், நகரத்தைக் கீழே கொண்டுபோய் வைத்தது.

அது மின்சாரம். பைக்காரா ஆற்றுத் தண்ணீரைக் குழாய்களில் இறக்கி, 900 மீட்டருக்கும் கீழே இருக்கும் சிங்காரா மின்நிலையத்தில் பெல்டன் சக்கரம் என்ற, நீர் பீய்ச்சிச் சுழற்றும் சக்கரத்தின்மேல் பாய்ச்சினார்கள். 1932-இல் உற்பத்தி தொடங்கியது. தண்ணீரிலிருந்து கிடைக்கும் ஆற்றல் அதன் அளவையும் விழும் உயரத்தையும் பொறுத்தது. ஒரு கன மீட்டர், அதாவது ஆயிரம் லிட்டர், 900 மீட்டர் இறங்கினால், இயந்திர இழப்பு போக ஏறக்குறைய இரண்டு யூனிட் கரண்ட் கிடைக்கும். பத்து மீட்டர் மட்டுமே இறங்கும் சமவெளி ஆற்றில் அதே இரண்டு யூனிட்டுக்குத் தொண்ணூறு மடங்கு தண்ணீர் வேண்டும். மலையின் செல்வம் அதன் உயரம்.

இந்தச் சரக்குக்குக் கொழுந்தின் அவசரம் கிடையாது. மின்னழுத்தத்தைப் பத்து மடங்கு உயர்த்தினால், அதே திறனை அனுப்ப மின்னோட்டம் பத்தில் ஒரு பங்கு போதும். கம்பியில் வீணாகும் வெப்பமோ மின்னோட்டத்தின் இருமடியைப் பொறுத்தது. எனவே இழப்பு நூறில் ஒரு பங்காகக் குறையும். ஆள் மலையேறத் தேவையில்லை. ஆற்றல் கம்பி வழியே இறங்கிவிடும்.

கோயம்புத்தூரில் 1888-லேயே பஞ்சாலை வந்துவிட்டது. ஆனால் அருகில் நிலக்கரி கிடையாது; வெகுதூரத்திலிருந்து ரயிலில் வர வேண்டும். பைக்காரா கரண்ட் வந்ததும் அந்தத் தடை நீங்கி ஆலைகள் பெருகின. வறண்ட கிணறுகளின் ஆழத்திலிருந்து நீர் இறைக்க மோட்டார் வந்தது. மோட்டார், பம்பு செய்யும் பட்டறைகளும் தொடர்ந்தன. 1931-இல் ஒரு லட்சத்தைத் தொடாத நகரம் 1951-இல் இரண்டு லட்சத்தை நெருங்கியது.

நீலகிரியின் இன்றைய கணக்கு வேறு மாதிரி. சோவியத் யூனியன் சிதறி, தேயிலைக்கு இருந்த ஒரு பெரிய சந்தை போனது. 1990-களின் கடைசியில் பச்சைத் தேயிலை விலை சரிந்தது. 2001-இல் 7,62,141 ஆக இருந்த மாவட்ட மக்கள்தொகை 2011-இல் 7,35,394 ஆகக் குறைந்தது. தோட்டத்துப் பிள்ளைகள் திருப்பூர், கோவை என்று இறங்குகிறார்கள். அவர்கள் விட்டுப்போன லைன் வீடுகளில் ஜார்க்கண்டிலிருந்தும் அசாமிலிருந்தும் வந்த குடும்பங்கள் தங்கிக் கொழுந்து பறிக்கின்றன. பறிக்கும் இயந்திரங்களும் வந்துவிட்டன. ஆனாலும் செங்குத்தான சரிவுகளில் இன்னும் ஆள்தான் ஏற வேண்டியிருக்கிறது.