மித்ரில் எந்த உலோகம்?

மித்ரில், ஆங்கில எழுத்தாளர் டோல்கீனின் கதைகளில் வரும் கற்பனை உலோகம். மோரியா சுரங்கத்தின் இருட்டில் நடந்துகொண்டே மந்திரவாதி காண்டால்ஃப் கூட வருபவர்களுக்கு மித்ரிலைப் பற்றிச் சொல்வார். செம்பு மாதிரி அடித்து நீட்டலாம், கண்ணாடி மாதிரி மெருகேற்றலாம். பார்க்க வெள்ளி, ஆனால் வெள்ளி போலக் கறுக்காது. குள்ளர்கள் அதைக் கொண்டு, எடை குறைந்த, ஆனால் பதமேற்றிய எஃகையும் மிஞ்சும் ஓர் உலோகத்தைச் செய்வார்கள். டோல்கீனின் ‘தி லார்ட் ஆஃப் த ரிங்ஸ்’ முதல் பாகத்தில் (1954) வருகிற விவரம் இது. கதையின் நாயகன் ஃப்ரோடோ உள்ளே போட்டிருக்கும் மித்ரில் வளையச் சட்டைக்கு அவனுடைய சொந்த ஊரான ஷயரையே விற்றாலும் விலை கட்டாது. இத்தனைக்கும் 1937இல் இதற்கு முந்தைய கதையான ‘தி ஹாபிட்’ வந்தபோது அதே சட்டை வெறும் வெள்ளிப்பூச்சு எஃகுதான். 1966 பதிப்பில்தான் ஆசிரியர் அதை மித்ரிலாக மாற்றினார்.

இதைப் படித்தவர்கள் பலரும் “டைட்டானியம்தானே?” என்பார்கள். எனக்கு அதில் உடன்பாடில்லை.

கறுக்காமல் இருப்பது ஒரு பெரிய மந்திரமே இல்லை. காற்றில் கொஞ்சம் கலந்திருக்கும் ஹைட்ரஜன் சல்ஃபைடோடு வெள்ளி வினைபுரிந்து வெள்ளி சல்ஃபைடு ஆகிறது. கொலுசு கறுப்பது அதனால்தான். டைட்டானியமும் அலுமினியமும் காற்று பட்ட கணத்திலேயே மேலே மெல்லிய ஆக்சைடு தோலைப் போர்த்திக்கொள்கின்றன. சில நானோமீட்டர் தடிமன்தான், கண்ணுக்கும் தெரியாது. கீறினால் அந்த இடத்தில் உடனே புதுத்தோல் வளரும்.

எடை குறைவாகவும் கடினமாகவும் இருப்பதுதான் அதிசயம் என்று பலர் நினைக்கிறார்கள். அதுவும் இல்லை. வைரத்தின் அடர்த்தி கன சென்டிமீட்டருக்கு 3.5 கிராம், இரும்பினுடையது 7.9. எடை பாதிக்கும் குறைவு, கடினத்திலோ வைரத்துக்கு ஈடில்லை. போரான் கார்பைடு அதைவிடவும் லேசு, அடர்த்தி 2.5தான், குண்டு துளைக்காத கவசத் தகடுகளில் அதை வைக்கிறார்கள். ஆனால் வைரத்தைச் சுத்தியலால் அடித்துப் பாருங்கள், நொறுங்கிவிடும்.

சிக்கல் “செம்பு மாதிரி அடித்து நீட்டலாம்” என்ற இடத்தில்தான் இருக்கிறது.

உலோகத்தை அடிக்கும்போது அணு அடுக்கு மொத்தமாக நகர்வதில்லை. கம்பளிப்பூச்சி முதுகில் ஒரு வளைவை எழுப்பி, அதைப் பின்னாலிருந்து முன்னால் தள்ளித்தான் நகர்கிறது. அதேபோல அணு வரிசையில் உள்ள ஒரு பிசகு ஒவ்வோர் அணுவாகத் தாண்டி ஓடுகிறது. அது தடையில்லாமல் ஓடினால் உலோகம் வளைந்து கொடுக்கும். ஓட முடியாமல் சிக்கினால் உலோகம் கடினம். ஆக, நன்றாக வளைவதும் வளையவே மறுப்பதும் ஒரே பொருளிடம் ஒரே நேரத்தில் கேட்கக்கூடாத இரண்டு வரங்கள். செம்பிலும் அலுமினியத்திலும் இந்தப் பிசகு ஓட நிறைய வழி உண்டு. டைட்டானியத்தின் படிக அமைப்பில் வழி குறைவு. குளிர்ந்த நிலையில் அடித்தால் அது முரண்டு பிடிக்கும். காய்ச்சி அடிக்கலாமென்றால், சூட்டில் ஆக்சிஜனை உள்ளே இழுத்து நொய்ந்துபோகும். குள்ளர்களின் உலைக்களத்துக்கு அது லாயக்கில்லை.

ஒரே நேரத்தில் கிடைக்காத இரண்டு வரங்களை ஒன்றன்பின் ஒன்றாக வாங்கலாமே? ஜெர்மனியில் உலோகவியலாளர் ஆல்ஃப்ரெட் வில்ம் 1906இல் தற்செயலாகக் கண்டது இதைத்தான். அலுமினியத்தில் சுமார் 4 சதவீதம் செம்பும் துளி மெக்னீசியமும் சேர்த்தார். ஏறக்குறைய 500 டிகிரிக்குச் சூடேற்றிச் சட்டென்று குளிரவைத்தார். எஃகாக இருந்தால், சிவக்கக் காய்ச்சித் தோய்த்த கணமே விறைத்துவிடும். இதுவோ மெத்தென்று இருந்தது. இரண்டு நாள் கழித்து எடுத்து மறுபடி சோதித்தால் கடினம் ஏறியிருக்கிறது! யாரும் தொடவில்லை, அது பாட்டுக்குக் கிடந்தது.

சூட்டில் அலுமினியத்துக்குள் கரைந்திருந்த செம்பு அணுக்கள், சட்டென்று குளிர்ந்ததால் பிரிய நேரமின்றி உள்ளேயே மாட்டிக்கொள்கின்றன. பிறகு அறைச்சூட்டிலேயே மெல்ல நகர்ந்து சில நானோமீட்டர் அளவுத் திட்டுகளாகக் கூடுகின்றன. ஓடிவரும் பிசகுகளுக்கு அவை வேகத்தடை. 1938இல் கினியே, பிரஸ்டன் என்ற இரண்டு விஞ்ஞானிகள் தனித்தனியே எக்ஸ்கதிர் கொண்டு இந்தத் திட்டுகள் இருப்பதைக் கண்டார்கள். வில்மின் கலவைக்கு டூராலுமின் என்று பெயர் வந்தது. பிற்காலச் செப்பலின் வான்கப்பல்களின் எலும்புக்கூடு அதில்தான் செய்யப்பட்டது.

இப்போது காண்டால்ஃப் சொன்னதைத் திரும்பப் படியுங்கள். செம்பு போல் நீள்வது மித்ரில். எஃகை மிஞ்சுவதோ மித்ரிலைக் கொண்டு குள்ளர்கள் “செய்யும்” உலோகம். அவர்கள் மெத்தென்ற நிலையிலேயே கம்பி இழுத்து, வளையம் வளையமாகக் கோத்துச் சட்டையை முடித்துவிட்டு, சில நாள் சும்மா கிடக்க விட்டிருப்பார்கள் என்பது என் ஊகம். டூராலுமின் பதமேற்றிய எஃகின் கடினத்தை எட்டாது. அந்த மிச்ச தூரத்தை மட்டும் கற்பனைக்கு விட்டுவிடலாம்.

ஆனால் அந்தச் சட்டையால் முடியாததும் ஒன்று உண்டு. மோரியாவில் ஓர்க் என்ற கொடிய இனத்தின் தலைவன் ஒருவனின் ஈட்டி ஃப்ரோடோவைச் சுவரோடு சேர்த்து அறைகிறது. உள்ளே துளைக்கவில்லை. ஆனால் பிறகு கழற்றிப் பார்த்தால் விலாவில் கன்றிப்போன காயம். ஓரிடத்தில் வளையங்கள் உள்சட்டையின் தோலைக் கிழித்துச் சதையில் பதிந்திருக்கின்றன. இயற்பியல் கணக்குப்படி இது மிகச் சரி. ஈட்டியின் முனை நின்றாலும் அதன் உந்தம் எங்காவது போய்த்தான் ஆகவேண்டும். கனமான கவசமாவது தன் எடையால் அடியில் கொஞ்சம் வாங்கிக்கொள்ளும். தகடாக இருந்தால் அடியைப் பரப்பிவிடும். லேசான, நெகிழ்கிற வளையச் சட்டை இரண்டையும் செய்யாது. வந்ததை அப்படியே விலாவுக்கு அனுப்பிவிடும். நிஜப் போர்வீரர்கள் வளையச் சட்டைக்கு உள்ளே தடித்த பஞ்சுத் திணிப்பு அங்கி போட்டதன் காரணம் இதுதான். ஃப்ரோடோவிடம் இருந்தது மெல்லிய தோல் சட்டை மட்டும்.

இன்னொரு பயன்: மித்ரிலிலிருந்து செய்யும் ‘இதில்டின்’ கொண்டு மோரியா வாசலில் எழுதிய எழுத்துகள் நிலவொளியிலும் விண்மீன் ஒளியிலும் மட்டுமே தெரியும். நிலவொளி என்பது நிலாவில் பட்டுத் திரும்பும் வெயில்தான். முழுநிலவே சூரியனைவிடச் சுமார் 4 லட்சம் மடங்கு மங்கல். எனவே நிலவை அறிந்து வெயிலை ஒதுக்கும் உலோகம் சாத்தியமில்லை. எழுத்துகள் மங்கலாகத் தாமே ஒளிர்பவை என்று வைத்துக்கொண்டால் பாதி சிக்கல் தீரும்: பகலில் விண்மீன்கள் வானத்தில் இருந்தும் தெரியாததைப் போல, வெயிலில் அவை மூழ்கிவிடும். நிலா மேகத்தில் மறைந்தால் எழுத்து ஏன் மறைகிறது என்ற மீதிப் பாதிக்கு என்னிடம் அறிவியல் இல்லை.