டங்டுட்: மத்தளம் வைத்த பெயர்

இந்தோனேசியாவில் கல்யாணப் பந்தலிலும் தேர்தல் மேடையிலும் ஊர் கூடி ஆடும் பாட்டு வகைக்கு டங்டுட் என்று பெயர். சொல்லுக்குள் வேறு பொருள் எதுவும் ஒளிந்திருக்கவில்லை. கெண்டாங் என்ற இணை மத்தளத்தின் ஒலிதான் அது. திறந்து அடித்தால் 'டங்'. பெரிய மத்தளத்தின் தோலை உள்ளங்கை அடியால் அழுத்தி நகர்த்தினால், நாதம் வளைந்து 'டுட்'. தபலா கேட்டவர்களுக்கு இந்த வளைவு உடனே பிடிபடும். பிடிபட வேண்டியதுதான், ஏனென்றால் 1950-களில் இந்திப் படப் பாடல்கள் அங்கே கொடிகட்டிப் பறந்தபோது, 'ஓர்கெஸ் மெலாயு' என்ற மலாய் இசைக்குழுக்கள் அந்தத் தாளத்தைத் தமதாக்கிக்கொண்டன. அரபு இசையின் சாயலும் அதில் சேர்ந்தது.

ஆனால் இந்தப் பெயர் பெருமையாகப் பிறந்ததல்ல. 1970-களில் மேற்கத்திய ராக் இசை கேட்டவர்கள், ஏழை எளியவர்களின் பாட்டு என்று இளக்காரமாகச் சொன்ன சொல் இது. நம் ஊரில் 'டண்டணக்கா' என்று சிலர் உதட்டைச் சுழித்துச் சொல்வார்களே, அதே தொனி. பாடகர் ரோமா இராமா அந்த ஏளனத்தையே பாட்டாக்கினார். தன் சொனேதா குழுவில் மின் கித்தாரை முழங்கவிட்டு, 'டங்டுட்டின் அரசர்' என்று பெயர் வாங்கினார். 2018 ஆசிய விளையாட்டுப் போட்டியின் பாடலைப் பாட வியா வாலென் என்ற டங்டுட் பாடகியைத்தான் அழைத்தார்கள். வசைச்சொல் அவ்வளவு தூரம் போயிருக்கிறது.

சரி, தமிழில் எப்படிச் சொல்வது? 'நாட்டுப்புற இசை' என்று எழுதினால் தவறு. இது நகரத்தில் பிறந்து, ஒலிநாடாவில் பரவிய இசை. 'மெல்லிசை' என்றால் மத்தளம் காணாமல் போகிறது. ஒலிக்குறிப்பாகப் பிறந்த பெயரை அந்த ஒலியோடு வைத்துக்கொள்வதுதான் நியாயம் என்பேன். சலசல, கடகட என்று இரட்டைக்கிளவியில் ஊறிய மொழிக்கு இது பாரமே இல்லை. முதல்முறை வரும் இடத்தில் மட்டும் 'டங்டுட் என்னும் மத்தள ஆட்டப்பாட்டு' என்று விளக்கிவிட்டால் போதும்.

எழுத்துக்கூட்டல்தான் கவனிக்க வேண்டியது. ஆங்கில வாசிப்பில் 'டேங்டட்' என்று எழுதிவிடுகிறார்கள். இந்தோனேசிய மொழியில் முதல் உயிர் அகரம், இரண்டாவது உகரம். அந்த உகரம் போனால் தோல் வளையும் ஒலியே போய்விடும். அப்புறம், பாடுகிறவரை அவர்கள் 'பெடங்டுட்' என்பார்கள். முன்னொட்டு சேர்த்துச் செய்த சொல் அது. நமக்கு 'டங்டுட் பாடகர்', 'டங்டுட் பாடகி' என்றே பொருந்தும்.